நொய்யற் கரையில் எழுதிய பெயர்கள்

பதிற்றுப்பத்தில் கபிலரும் அரிசில் கிழாரும் கொடுமணம் என்னும் ஊரைச் சுட்டியுள்ளனர். திருப்பூரைக் கடந்து கிழக்கே செல்லும் நொய்யலின் வடகரையில் இன்று கொடுமணல் என வழங்கும் சிற்றூரே அஃது என்பது ஆராய்ச்சியாளர் துணிபு. ஏட்டளவில் நின்ற அப்பெயருக்கு 1985 முதல் மண்ணே உரை வகுக்கலாயிற்று.

தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தார் தொடங்கிய அகழாய்வில், படியூர்ப் பச்சைக்கல் முதலியவற்றை மணிகளாக்கிய தொழிற்கூடங்களும், இரும்பு உருக்கிய உலைகளும் வெளிப்பட்டன. ஈமக் கல்லறை ஒன்றினுள் 2,220 சூதுபவள மணிகள் இருந்தன. நூல் நூற்கும் தக்களிக்குரிய சுடுமண் வட்டுகளும் கிடைத்தன. பின்னலாடையால் பெயர் பெற்ற இந்நாட்டார்க்கு அச்சிறு வட்டுகள் மணிகளினும் அரியனவாகத் தோன்றக்கூடும். இவையனைத்தினும் சிறந்தவை எழுத்துப் பொறித்த பானையோடுகள். 500க்கு மேற்பட்ட அவற்றுள் கண்ணன் ஆதன், சாத்தன் என ஊர் மக்கள் தத்தம் கலங்களில் கீறிய பெயர்கள் உள. வணிகர் குழுவைக் குறிக்கும் நிகமம் என்ற சொல்லும் உண்டு.

இப்பெயர்களின் காலம் யாது? எழுத்தின் வடிவொன்றையே கொண்டு கணித்தபோது அறிஞரிடையே கருத்து வேறுபாடு மிகுந்தது. புதுச்சேரிப் பல்கலைக்கழகப் பேராசிரியர் கா. இராஜன் 2012, 2013ஆம் ஆண்டுகளில் நடத்திய அகழாய்வில் எடுத்த கரித்துண்டுகள் அமெரிக்க ஆய்வகம் ஒன்றுக்கு அனுப்பப்பட்டன. உயிர் நீங்கிய பொருளில் கார்பன்-14 என்னும் அணு ஏறத்தாழ 5,730 ஆண்டுகளில் பாதியாகக் குறையும். அதன் கதிர்வீச்சை அளந்த பழைய முறைக்கு மிகுதியான கரி வேண்டியிருந்தது. இன்றைய கருவியோ அணுக்களையே எண்ணுவதால் ஒரு சிறு துணுக்கே போதும். கிடைத்த காலம் கி.மு. 5ஆம் நூற்றாண்டின் இறுதி வரை சென்றது. ஏற்கத் தயங்குவாரும் உளர். ஓடும் கரியும் ஒரே மண்ணடுக்கில் கலையாது கிடந்தனவா என்பதே வழக்கின் உயிர்நிலை. மண்ணைக் கலைத்தபின் எக்கருவியும் சான்று கூறாது. இவ்வோடுகளைக் காட்டி அக்காலத்தே இங்குச் சிவாலயம் இருந்ததென நிறுவ முயல்வதும் முறையன்று. சைவத்தின் பெருமைக்கு அது வேண்டுவதுமில்லை.

மண்ணைத் தீண்டாமலே காணும் வழியும் இந்நாளில் உண்டு. கம்போச நாட்டில், 802இல் இரண்டாம் சயவர்மன் முடிசூடிய மகேந்திர பர்வதம் காடு மூடிக் கிடந்தது. 2012இல் தேமியன் எவன்சு என்பாரும் அவர்தம் குழுவினரும் ஹெலிகாப்டரிலிருந்து லேசர் ஒளியைச் செலுத்தினர். இலைகளினூடே புகுந்து தரையைத் தொட்டு மீண்ட ஒளியைக் கொண்டு அந்நகரின் தெருக்களையும் மேடுகளையும் வரைந்தனர். அம்மலையின் ஆற்றுப்படுகைப் பாறைகளில் சிவலிங்கங்கள் நிரல்நிரலாகச் செதுக்கப்பட்டிருத்தலை அன்பர் பலர் அறிவர்.

அவிநாசி, திருமுருகன்பூண்டி முதலிய கொங்குத் தலங்களில் கோயிற் சுவர்களே ஏடுகள். திருப்பணியின்போது மணலை வீசிக் கல்லைத் துலக்குவோர் எழுத்தையும் தேய்த்துவிடுகின்றனர். பூசிய சுண்ணத்தைப் பின்னொரு நாள் நீக்கலாம். தேய்ந்த எழுத்து மீளாது. இக்காலக் கொடையாளர் பெயரைக் கல்லில் வெட்டுமுன், அதே சுவரில் பல நூற்றாண்டுகளுக்கு முன் விளக்குக்கும் அமுதுக்கும் கொடுத்தார் பெயர்களை மைப்படி எடுத்தும் நிழற்படம் பிடித்தும் வைத்துக்கொள்ளல் திருப்பணிக் குழுவார்க்கு ஒருசில நாள் வேலையே.