முதலில் குரல், பின்னர் கமரா

கனடாவின் கியூபெக் மாகாணத்திலே துறுவா றிவியேர் என்றொரு நகரம் உண்டு. 1940களின் தொடக்கத்தில் அந்நகரப் பாடசாலை ஒன்றில் ஆதிக்குடிச் சிறுமி ஒருத்தி தனியொருத்தியாகப் படித்தாள். பாடநூலோ அவளுடைய மூதாதையரைக் காட்டுமிராண்டிகள் என்றது. வரலாற்றுப் பாடம் நடந்த நாள்களிலெல்லாம் சக மாணவர் அவளை அடித்தனர். பின்னாளில் விவரணப்பட நெறியாளராகப் புகழ்பெற்ற அலானிஸ் ஒபொம்சாவினே அச்சிறுமி. இவ்வனுபவத்தை அவரே பல நேர்காணல்களிற் கூறியிருக்கிறார்.

1932இல் பிறந்த அவர் அபெனாக்கி இனத்தவர். ஒன்பது வயது வரை ஒடனாக் என்னும் அபெனாக்கிக் கிராமத்தில் வளர்ந்தார். தியோபில் பனாடிஸ் என்ற முதியவர் தம் மக்களின் பாடல்களையும் கதைகளையும் அவருக்கு ஊட்டினார். பாடநூல் பறித்ததை அந்த வாய்மொழி மீட்டுக் கொடுத்தது.

1960களில் அவர் பாடகியானார். ஒடனாக்கின் பிள்ளைகளை அயலூர் நீச்சல் தடாகம் ஏற்க மறுத்தபோது, அவர்களுக்கென ஒரு தடாகம் அமைக்கப் பாடி நிதி திரட்டினார். அம்முயற்சியைக் காட்டிய தொலைக்காட்சி நிகழ்ச்சி 1966இல் ஒளிபரப்பானது. அதைக் கண்ட கனடாவின் தேசியத் திரைப்படச் சபையினர் 1967இல் அவரை ஆலோசகராக அழைத்துக்கொண்டனர்.

1971இல் வெளிவந்த அவரது முதற்படம் 13 நிமிடம் மட்டுமே ஓடுவது. வடபுல வதிவிடப் பாடசாலை ஒன்றின் பிள்ளைகள் வரைந்த சித்திரங்களும் அவர்களின் குரல்களுமே அப்படம். பிள்ளைகளுக்காகப் பிறர் பேசவில்லை, பிள்ளைகளே பேசினர்.

அவர் தொழிலின் இரகசியம் இங்கேதான் இருக்கிறது என்று நான் எண்ணுகிறேன். ஒருவரைப் படம்பிடிக்குமுன் ஒலிப்பதிவுக் கருவியோடு மட்டும் சென்று அவர் சொல்வதைக் கேட்பது அவரது வழக்கம். முதலில் குரல், பின்னர் கமரா.

1981 ஜூனில் றெஸ்ரிகூஷ் என்ற இடத்தில் சால்மன் மீன்பிடி உரிமை தொடர்பாக மிக்மாக் மக்கள்மீது மாகாணப் பொலிசார் இருமுறை பாய்ந்தனர். அதுபற்றிய 1984ஆம் ஆண்டுப் படத்தில், பொறுப்பான அமைச்சரோடு அவர் நேருக்குநேர் வாதாடுவதைக் காண்கிறோம். 1986இல், இருபத்தெட்டு இடங்களுக்கு மாற்றி மாற்றி அனுப்பப்பட்டு 17 வயதில் தன்னுயிரை மாய்த்துக்கொண்ட றிச்சர்ட் கார்டினல் என்ற மெற்றிஸ் இளைஞனின் நாட்குறிப்பைப் படமாக்கினார்.

அவருடைய பெரும்படைப்பு கனெசற்றாக்கே பற்றியது. 1990இல், ஒக்கா நகரசபை கோல்ப் மைதானத்தை விரிவாக்க முனைந்தது. மோஹாக் மக்களின் மயானத்தை அண்டிய பைன் மரக் காடு அதற்கு இரையாகவிருந்தது. மக்கள் தடையரண் அமைத்தனர், பொலிசார் வந்தனர், பின்னர் இராணுவமும் வந்தது. போராட்டம் 78 நாள்கள் நீடித்தது. அப்போது ஏறத்தாழ 58 வயதான ஒபொம்சாவின் அரணுக்கு உள்ளேயிருந்து படம்பிடித்தார். வெளியிலிருந்து பார்த்தோருக்கு முகமூடி அணிந்த போராளிகளே தெரிந்தனர். அவரது படத்திலோ பெண்களும் பிள்ளைகளும் தெரிந்தனர். 1993இல் வெளிவந்த அப்படம், கதையைக் கோல்ப் மைதானத்தோடு நிறுத்தாமல், அந்நிலம் பிரெஞ்சு ஆட்சியில் மதகுருமாருக்கு எழுதிக் கொடுக்கப்பட்ட 1717 வரை பின்னோக்கிக் கொண்டு செல்கிறது.

இது நடுநிலையா என்று கேட்பார் உண்டு. ஒரு பக்கத்தின் குரலே பதிவாகாத இடத்தில், அக்குரலைப் பதிவதன்றோ நடுநிலையின் முதற்படி! ஐம்பதுக்கு மேற்பட்ட படங்களால் அவர் தந்த விடை அதுவே.

தமிழாசிரியனாகிய நான் வகுப்பில் நூலை விரிக்கும் போதெல்லாம் துறுவா றிவியேர்ச் சிறுமியை நினைத்துக்கொள்கிறேன். நாம் வாசிக்கும் ஒரு வரி, எந்த வாங்கில் இருக்கும் எந்தப் பிள்ளையைத் தலைகுனிய வைக்கிறதோ, யாரறிவார்? பாடத்தை நடத்துமுன் அந்தப் பிள்ளையின் குரலையும் கேட்போமா, நேயர்களே?