வீட்டுக் கடன்: கட்டி முடிக்கும்போது எவ்வளவு கட்டியிருப்போம்?

வங்கியில் வீட்டுக் கடன் கேட்டுப் போகிறவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்வியோடுதான் போகிறார்கள். "மாசம் எவ்வளவு கட்டவேணும்?" அதற்குப் பதில் கிடைத்து, அது சம்பளத்துக்குள் அடங்குமென்று தோன்றிவிட்டால் கையொப்பம் வைத்துவிட்டு வருகிறார்கள். வவுனியா நகரிலும், நெடுங்கேணி, செட்டிகுளம் பக்கமும் வீடு பற்றி எழுதுவதற்காகச் சில ஆண்டுகளாகப் பலரோடு பேசி வருகிறேன். மாதத் தவணையை எல்லோரும் சதம் பிசகாமல் சொல்வார்கள். கடைசித் தவணை கட்டும் நாளில் மொத்தமாக எவ்வளவு போயிருக்கும் என்று கேட்டால் பெரும்பாலும் மௌனம்தான் பதில். சிலர் சிரிப்பார்கள். ஒரு பாடசாலை ஆசிரியை, "அதைக் கேட்டால் நித்திரை வராது தம்பி" என்றார்.

நித்திரை வராவிட்டாலும் கணக்கைப் பார்த்துவிடுவோம்.

20 இலட்சம் ரூபா கடன். வட்டி ஆண்டுக்கு 14 சதவீதம். 15 ஆண்டுகள், அதாவது 180 தவணைகள். குறைந்து செல்லும் மீதிக்கு வட்டி கணிக்கும் வழமையான முறையில் மாதத் தவணை ஏறத்தாழ 26,635 ரூபா. இதை 180 ஆல் பெருக்கினால் 47 இலட்சத்து 94 ஆயிரம் வரும். வாங்கியது 20 இலட்சம், வட்டியாகப் போவது கிட்டத்தட்ட 28 இலட்சம். ஒரு வீட்டைக் கட்டுவதற்காக இரண்டு வீட்டுக்கு மேல் காசு கட்டுகிறோம்.

மொத்தத்தைக் காட்டிலும் அது எப்படிப் பிரிகிறது என்பதுதான் பலருக்குத் தெரியாதது. முதல் மாதம் கட்டும் 26,635 ரூபாவில் 23,333 ரூபா வட்டிக்கே போகிறது. முதலில் கழிவது 3,300 ரூபாதான். மீதி குறையக் குறைய வட்டியின் பங்கு குறைந்து, முதலின் பங்கு கூடும். ஆனால் அது மிக மெதுவாக நடக்கும். ஐந்து ஆண்டுகள் ஒரு தவணைகூடப் பிந்தாமல் கட்டியவர் 16 இலட்சம் ரூபா வரை கட்டியிருப்பார். அன்றைக்கு வங்கியில் மீதியைக் கேட்டால் 17 இலட்சத்து 15 ஆயிரம் என்பார்கள். 20 இலட்சம் 10 இலட்சமாகக் குறைய 10 ஆண்டும் 10 மாதமும் எடுக்கும். "இவ்வளவு கட்டியும் கடன் அப்படியே நிக்குது, ஏமாத்துறாங்கள்" என்று கோபப்படுகிறவர்களை நான் கண்டிருக்கிறேன். அவர்களில் பலர் ஏமாற்றப்படவில்லை. இந்தக் கணக்கை அவர்களுக்கு யாரும் முதலில் காட்டவில்லை, அவ்வளவுதான். ஒவ்வொரு மாதமும் எவ்வளவு வட்டிக்கு, எவ்வளவு முதலுக்கு என்று காட்டும் மீள்செலுத்தல் அட்டவணை எல்லா வங்கியின் கணினியிலும் இருக்கிறது. கையொப்பம் வைப்பதற்கு முன்னர் அதைக் கேட்டு வாங்குங்கள்.

தவணையைக் குறைக்கக் காலத்தைக் கூட்டலாம் என்பார்கள். அதே கடனை 20 ஆண்டுகளுக்கு எடுத்தால் தவணை 24,870 ரூபா. மாதம் 1,765 ரூபா குறைகிறது, நல்லதுதான். ஆனால் மொத்தமாகக் கட்டுவது 59 இலட்சத்து 69 ஆயிரமாகிவிடும். அந்த 1,765 ரூபா ஆறுதலுக்கு நாம் கொடுக்கும் விலை 11 இலட்சத்து 70 ஆயிரத்துக்கும் மேல். மாறாக 10 ஆண்டுகளில் முடிக்க முடிந்தால் தவணை 31,053 ரூபா, மொத்தம் 37 இலட்சத்து 26 ஆயிரம்.

வட்டி ஏறினால்

மேலே சொன்ன கணக்கு வட்டி 15 ஆண்டும் 14 சதவீதத்திலேயே நின்றால் மட்டும்தான் சரி. இலங்கையில் நீண்டகால வீட்டுக் கடன்கள் பலவற்றில் முதல் சில ஆண்டுகளுக்குத்தான் வட்டி நிலையாக இருக்கும். பிறகு சந்தையோடு மாறும். எதோடு மாறும் என்பது ஒப்பந்தத்தில் சின்ன எழுத்தில் இருக்கும். பெரும்பாலும் வங்கிகள் தமது முதன்மை வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் சராசரி வட்டியான நிறையேற்றப்பட்ட சராசரி முதன்மைக் கடன் வீதத்துக்கு மேல் இத்தனை சதவீதம் என்றிருக்கும்.

அந்த வீதம் 2021 இறுதியில் 9 சதவீதத்துக்குக் கீழே இருந்தது. 2022 ஏப்ரல் 8 ஆம் திகதி மத்திய வங்கி தனது கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. அந்த ஆண்டு முடியும்போது முதன்மைக் கடன் வீதம் 27 சதவீதத்தைத் தாண்டி நின்றது.

நம் உதாரணக் கடனுக்கு இரண்டு ஆண்டு கழித்து வட்டி 24 சதவீதமானது என்று வைத்துக்கொள்வோம். அப்போது மீதி 19 இலட்சத்து 9 ஆயிரம். அதற்கு ஒரு மாத வட்டி மட்டும் 38,183 ரூபா. பழைய தவணை 26,635. கட்டுகிற காசு வட்டிக்கே போதாது. பழைய தவணையையே தொடர்ந்தால் கடன் மாதாமாதம் 11,500 ரூபாவால் வளரும். அதே காலத்துக்குள் முடிக்கவேண்டுமென்றால் தவணை 40,000 ரூபாவாக வேண்டும். 2022 இலும் 2023 இலும் பலர் வாழ்ந்தது இந்தக் கணக்குக்குள்தான். அரிசியும் எரிபொருளும் எட்டாத விலைக்குப் போன அதே மாதங்களில் வங்கியிலிருந்து புதிய தவணைக் கடிதமும் வந்தது.

வெளிநாட்டில் இருக்கும் உறவுகள்தான் பல வீடுகளின் தவணையைத் தாங்குகிறார்கள். அங்கேயும் அதே நேரம் வட்டி ஏறியது என்பதை நாம் இங்கே அவ்வளவாகப் பேசவில்லை. கனடிய மத்திய வங்கி தன் கொள்கை வட்டியை 2022 மார்ச்சில் இருந்த 0.25 சதவீதத்திலிருந்து 2023 ஜூலைக்குள் 5 சதவீதமாக்கியது. ஸ்காபரோவில் மாறும் வட்டிக்கு வீடு வாங்கிய அண்ணனுக்கும் வவுனியாவில் கடனெடுத்த தங்கைக்கும் ஒரே காலத்தில் சுமை ஏறியது. காசு பிந்தி வந்ததற்காக அண்ணனோடு கதையை விட்ட ஒரு குடும்பத்தை எனக்குத் தெரியும்.

இதற்கு மறுபக்கமும் உண்டு. 2022 செப்ரெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண் காட்டிய பணவீக்கம் 69.8 சதவீதம். அந்தக் காலத்தில் முழுக் காலத்துக்கும் நிலையான, குறைந்த வட்டியில் கடன் வைத்திருந்தவர்களின் கடன் உண்மையில் தேய்ந்தது. முன்னர் 10 இலட்சத்துக்குக் கட்டிய வீட்டை அந்தக் காசுக்கு இன்று கட்ட முடியாது. எனவே கடன் எடுப்பதே முட்டாள்தனம் என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் அந்த நன்மை சம்பளமும் விலைவாசியோடு ஏறுகிறவர்களுக்குத்தான் முழுதாகக் கிடைக்கும். நாட்கூலிக்குப் போகிறவருக்கு அது எவ்வளவு கிடைத்தது என்று அவரவருக்குத் தெரியும்.

ஈடு வைக்கக் காணி இருக்கிறதா?

வன்னியில் இவ்வளவு கணக்கும் உறுதிக் காணி வைத்திருக்கும், மாதச் சம்பளம் பெறும் சிலருக்குத்தான் பொருந்தும். மீள்குடியேறிய கிராமங்களில் பலரிடம் இருப்பது பேர்மிற் காணி. 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் கொடுக்கப்பட்ட அந்த அனுமதிப்பத்திரத்தை வைத்துக்கொண்டு காணியை விரும்பியபடி விற்கவோ ஈடு வைக்கவோ முடியாது. ஏழைக் குடியேற்றவாசியின் நிலம் கடன்காரரிடம் போய்விடக்கூடாது என்பது அந்தச் சட்டத்தின் ஒரு நோக்கம். அந்தப் பாதுகாப்பே இன்று மலிவான நீண்டகாலக் கடனுக்குக் குறுக்கே நிற்கிறது.

இன்னொரு தடை இருக்கிறது. உறுதி கணவரின் பெயரில், கணவர் 2009 இல் காணாமல் ஆக்கப்பட்டவர். வங்கி அவரது கையொப்பத்தைக் கேட்கும், அல்லது மரணச் சான்றிதழைக் கேட்கும். மரணச் சான்றிதழ் எடுப்பதென்றால் அவர் இல்லை என்று தானே எழுதிக் கொடுப்பதாகும் என்பதால் பல மனைவிமார் இன்றுவரை அதை எடுக்கவில்லை. 2016 இல் சட்டம் திருத்தப்பட்டு, மரணச் சான்றிதழுக்குப் பதிலாகக் காணாமற்போனமைக்கான சான்றிதழ் பெறும் வழி வந்தது. அதையும் வேண்டாம் என்கிறவர்கள் இருக்கிறார்கள். வீட்டுக்காகக் கடன் எடுப்பதா, பிள்ளைகளின் தகப்பன் வருவார் என்று காத்திருப்பதா என்ற இடத்தில் ஒரு பெண்ணை நிறுத்துகிற விண்ணப்பப் படிவம் அது. அதன் விலையை எந்த அட்டவணையிலும் போட முடியாது.

வங்கிக் கதவு இப்படி மூடியிருந்தபோதுதான் வீட்டுத்திட்டங்கள் வந்தன. மெனிக் பாம் முகாம் 2012 செப்ரெம்பரில் மூடப்பட்டது. அதற்கு அடுத்த மாதம் இந்திய வீட்டுத்திட்டத்தின் பெரிய கட்டம் தொடங்கியது. புதிய வீட்டுக்கு 5 இலட்சத்து 50 ஆயிரம் ரூபா, கட்டம் கட்டமாக. அது கடன் அல்ல, மானியம். ஆனாலும் அத்திவாரம் முடித்தால்தான் அடுத்த கட்டக் காசு, கூரை போட்டால்தான் அதற்கடுத்தது. ஒரே நேரத்தில் ஆயிரக்கணக்கான வீடுகள் எழும்பியதில் மேசன் கூலியும் மணல் லோட்டின் விலையும் ஏறின. இடைவெளியை நிரப்ப நகை அடைவுக்குப் போனது, பிறகு நுண்கடன் வந்தது. இலவசமாகக் கிடைத்த வீட்டுக்குள் கடனோடு குடிபுகுந்தவர்கள் பலர்.

அந்தக் கடன்களின் வட்டியைப் புரிந்துகொள்ள வேறு கணக்கு வேண்டும். 3 இலட்சம் ரூபா, 2 ஆண்டு, "20 சதவீதம்தான் அக்கா" என்பார்கள். முழு முதலுக்கும் முழுக் காலத்துக்கும் வட்டி போட்டு 1 இலட்சத்து 20 ஆயிரத்தைக் கூட்டி, 4 இலட்சத்து 20 ஆயிரத்தை 24 ஆல் பிரிப்பார்கள். மாதம் 17,500 ரூபா. பாதிக் கடனைக் கட்டி முடித்த பிறகும் முழுக் கடனுக்கும் வட்டி கட்டிக்கொண்டிருப்பீர்கள். வங்கி கணிக்கும் முறையில் பார்த்தால் அதன் உண்மை வட்டி 34 சதவீதத்துக்கும் மேல். பேச்சில் 20 சதவீதமாக இருக்கும் இந்தக் கடன், 24 சதவீத வங்கிக் கடனை விட விலை கூடியது. வட்டி எத்தனை சதவீதம் என்று கேட்டால் போதாது, "குறைந்து செல்லும் மீதிக்கா, முழு முதலுக்கா?" என்றும் கேட்க வேண்டும்.

நுண்கடனின் கொடுமை எவ்வளவு தூரம் போனதென்றால், 2018 இல் வரட்சியால் பாதிக்கப்பட்ட மாவட்டங்களின் பெண்கள் எடுத்த, ஓர் இலட்சம் ரூபாவுக்கு உட்பட்ட நிலுவைக் கடன்களைத் தள்ளுபடி செய்வதாக அரசாங்கமே அறிவிக்க வேண்டியிருந்தது. அதே ஆண்டு இலங்கை வந்த ஐ.நா. சுயாதீன நிபுணர் ஹுவான் பப்லோ பொஹோஸ்லாவ்ஸ்கி, சில கடன்களில் வட்டி ஆண்டுக்கு 220 சதவீதம் வரை போவதாகச் சுட்டிக்காட்டினார்.

கடிதத்தில் எழுதாத செலவுகள்

வங்கிக் கடனுக்கே திரும்புவோம். சட்டத்தரணியின் உரித்து அறிக்கை, மதிப்பீட்டாளர் கட்டணம், முத்திரைத் தீர்வை, காணிப் பதிவகச் செலவு, வீட்டுக்கும் கடனாளியின் உயிருக்கும் காப்புறுதி, பிந்தினால் தண்ட வட்டி, முந்தி முடித்தால் அதற்கும் ஒரு கட்டணம், கடைசியில் ஈட்டை விடுவித்து உறுதியை மீட்கும் செலவு. கடனை முடித்துவிட்டோம் என்று இருந்துவிட்டு, விடுவிப்பைப் பதியாமல் விட்டவர்கள், பிள்ளைக்குச் சீதனமாக எழுதப் போகும்போதுதான் காணி இன்னமும் ஈட்டில் நிற்பதைக் காண்கிறார்கள்.

வயல் செய்கிறவருக்கு இன்னொன்று சேரும். தவணை மாதம் தவறாமல் வரும், வருமானமோ காலபோக அறுவடையோடு ஒருமுறை, தண்ணீர் இருந்தால் சிறுபோகத்தோடு இன்னொரு முறை. இடைப்பட்ட மாதங்களில் தவணை கட்ட நகை அடைவு வைத்தால், அந்த அடைவு வட்டியும் வீட்டின் விலைதான். அறுவடையை ஒட்டிப் பெரிய தவணையும் மற்ற மாதங்களில் சின்னத் தவணையும் வைத்துத் தர முடியுமா என்று கடன் எடுக்கும்போதே கேட்டுப் பார்க்கலாம். கேட்காதவருக்கு யாரும் அதைத் தரப்போவதில்லை.

கட்ட முடியாமல் போனால் என்னவாகும் என்பதையும் முதலிலேயே தெரிந்திருக்க வேண்டும். 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கக் கடன் அறவிடல் சட்டம், சில நிபந்தனைகளுக்கு உட்பட்டு, நீதிமன்றம் போகாமலே பணிப்பாளர் சபைத் தீர்மானத்தின் மூலம் ஈட்டுச் சொத்தை ஏலம் விடும் அதிகாரத்தை வங்கிகளுக்குத் தந்திருக்கிறது. பராட்டே என்று சொல்வது இதைத்தான். நெருக்கடிக்குப் பிறகு 2024 இல் இதைத் தற்காலிகமாக நிறுத்தினார்கள், பின்னர் 2025 மார்ச் 31 வரை நீடித்தார்கள். அந்த நிறுத்தம் முடிந்துவிட்டது. தவணை இரண்டு மூன்று பிந்துகிற நிலை தெரிந்தால் ஒளித்துத் திரியாமல் கிளைக்கு எழுத்தில் அறிவித்து, கடனை மறுசீரமைக்கக் கேட்பது நல்லது. கடிதத்தின் பிரதியில் திகதி முத்திரை வாங்கி வைத்திருங்கள். கிளை பதில் தராவிட்டால் மத்திய வங்கியின் நிதியியல் நுகர்வோர் உறவுகள் திணைக்களத்துக்கு 1935 என்ற இலக்கத்தில் பேசலாம். ஒப்பந்தம் ஆங்கிலத்தில் இருந்தால் தமிழில் கேளுங்கள், கிடைக்கும்வரை கையொப்பம் வைக்காதீர்கள்.

இனி, ஏற்கெனவே கடன் எடுத்துவிட்டவர்களுக்கு. வட்டி பெரும்பாலும் முன்பக்கத்தில் குவிந்திருப்பதால், தொடக்க ஆண்டுகளில் மேலதிகமாகக் கட்டும் காசுக்கு வலு கூட. நம் 20 இலட்சக் கடனில் முதல் ஆண்டு முடிவில் சீட்டுக் காசோ வெளிநாட்டுக் காசோ ஓர் இலட்சம் கிடைத்து, அதை முதலில் கழித்துவிட்டால், தவணையை மாற்றாமல் கட்டிக்கொண்டு போக, கடைசியில் ஏறத்தாழ 23 தவணைகள் இல்லாமல் போகும். அதாவது 6 இலட்சத்துக்கும் மேல் மிச்சம். ஆனால் காசைக் கணக்கில் போட்டுவிட்டு வந்தால் அடுத்த தவணைகளுக்கான முற்பணமாக அது நின்றுவிடக்கூடும். முதலில் கழிக்கவேண்டும், காலத்தைக் குறைக்கவேண்டும் என்று எழுதிக் கொடுத்து, புதிய அட்டவணையைக் கையில் வாங்கிக்கொண்டு கிளையை விட்டு வெளியே வாருங்கள்.