கண்டித் தெருவும் வடதெருவும்

யாழ்ப்பாணத்தவர் 'கண்டி வீதி' என வழங்கும் பெருந்தெரு அரசாங்கப் பதிவுகளில் ஏ-9 எனக் குறிக்கப்படும். அதன் நீளம் ஏறக்குறைய 200 மைல். அது கண்டியை அடைந்தபின், கொழும்புக்குச் செல்லும் 72 மைல் தெரு அங்கிருந்து தொடங்குகின்றது. இவ்விரண்டும் ஒரே காலத்தில், ஒரே நோக்கத்துடன் எழுந்தன அல்ல. எனினும், இலங்கையின் பெருந்தெருக்கள் யாருடைய உழைப்பால் அமைந்தன, யாருக்குப் பயன்பட்டன என்பதை ஆராய்வோர் இவற்றின் வரலாற்றையே முதற்கண் நோக்குதல் வேண்டும்.

கண்டி மன்னர்க்குத் தெருவின்மையே அரணாயிருந்தது. மலைக் கணவாய்களில் முள்வேலியிட்ட 'கடவத்தை'களைக் காவலர் காத்தனர். அகன்ற பாதைகளை அமைக்க மன்னர் விரும்பினாரில்லர். பறங்கியரும் ஒல்லாந்தரும் அனுப்பிய படைகள் அக்காட்டு வழிகளில் அல்லலுற்றன. 1803இல் சென்ற ஆங்கிலப் படைக்கும் அழிவே நேர்ந்தது. 1815இல் கண்டி ஆங்கிலேயர் வசமாயிற்று. ஆயினும் 1817-18இல் ஊவாவில் மூண்ட கிளர்ச்சியை அடக்க அவர்கள் பெரும்பாடு பட்டனர். மலைநாட்டைப் பிடித்தல் வேறு, அதனை ஆளுதல் வேறு என்பது அப்பொழுது அவர்களுக்குப் புலனாயிற்று. ஆகவே கண்டித் தெரு பிறந்தது வாணிகத்துக்காக அன்று, படை நடத்துதற்காகவே.

1820 தொடக்கம் இப்பணியை முனைந்து நடத்தியவர் சேர் எட்வேட் பார்ண்ஸ் என்னும் தேசாதிபதி. கப்டன் டோசன் என்னும் பொறியியலாளர் தெருவை வகுத்தார். கடுகண்ணாவையில் பாறையைக் குடைந்து வழி செய்யப்பட்டது. பதினாறு வயதே நிரம்பிய தோமஸ் ஸ்கின்னர், தெருப் போடுதலை முன்னர்க் கண்டும் அறியாதவராயிருந்தும், வேலையாட்களுக்குத் தலைவராக்கப்பட்டார். பிற்காலத்தில் தெருப்பகுதியின் தலைமைப் பதவியை வகித்து 1867 வரை கடமையாற்றியவரும் அவரே. 1832இல் கொழும்புக்கும் கண்டிக்குமிடையே தபால் வண்டி ஓடத் தொடங்கியது. அடுத்த ஆண்டு பேராதனையில் மகாவலி கங்கைக்குக் குறுக்கே, 205 அடி அகலத்தை ஒரே வளைவாற் கடக்கும் முதிரை மரப் பாலம் எழுந்தது. 1905இல் அகற்றப்படும்வரை அதனைக் கண்டு வியவாதார் இலர்.

வியப்புக்குப் பின்னால் இருந்த உழைப்போ இராசகாரிய உழைப்பு. நிலத்தை அனுபவிப்பதற்கு ஈடாக மன்னனுக்குச் செய்யும் ஊழியமாக இருந்த பழைய வழக்கத்தை, பாறை உடைக்கவும் காடு வெட்டவும் ஆங்கில அரசு பயன்படுத்திக்கொண்டது. வயலை விட்டு வந்த குடியானவன் தனக்கு வேண்டாத தெருவுக்குக் கல் சுமந்தான். அதே வேளையில், கோப்பித் தோட்டங்களில் வேலை செய்வோர் இவ்வூழியத்தினின்று விலக்கப்பட்டனர். தெருவை அமைத்த பார்ண்ஸ் தாமே பேராதனைக்கு அருகிலுள்ள கன்னொறுவையில் கோப்பித் தோட்டம் வைத்திருந்தார் என்பது மறக்கற்பாலதன்று. கோல்புறூக் விசாரணையின் பயனாக இராசகாரியம் 1832இல் ஒழிக்கப்பட்டது.

ஒழிந்தது பெயரளவிலே எனக் குடிகள் கருதுதற்கு 1848ஆம் ஆண்டு இடமளித்தது. கோப்பி விலை வீழ்ந்து அரசாங்கத்தின் திறைசேரி வறண்டிருந்த நிலையில், தொறிங்டன் தேசாதிபதி துப்பாக்கி, நாய், கடை முதலியவற்றின்மீது வரி விதித்ததோடு, தெருச் சட்டத்தையும் கொணர்ந்தார். பதினெட்டு முதல் ஐம்பத்தைந்து வயதுவரையுள்ள ஆடவர் ஆண்டுக்கு ஆறு நாள் தெருவேலை செய்தல் வேண்டும். அன்றேல் பணம் செலுத்துதல் வேண்டும். தோட்டத்துரைமாருக்கு இன்றியமையாத தெருவுக்குக் குடியானவன் வரி செலுத்துவதா என்னும் மனக்குறை ஏனைய குறைகளுடன் கூடி, அவ்வாண்டு மாத்தளையிற் கலகமாக வெடித்தது. கலகம் கொடுமையாக அடக்கப்பட்டது. புரான் அப்பு சுட்டுக் கொல்லப்பட்டார். தொறிங்டனும் 1850இல் பதவி நீங்க நேர்ந்தது.

தோட்டங்களுக்கு வேண்டிய ஆட்கள் வந்த வழி வடக்கிலிருந்தது. தமிழ்நாட்டிலிருந்து தோணிகளில் வந்து மன்னார்க் கரையில் இறங்கியோர், வன்னிக் காட்டினூடே சென்று, மிகிந்தலை, தம்புள்ளை வழியாக மாத்தளை வரை ஏறக்குறைய 150 மைல் கால்நடையாகவே நடந்தனர். வழி நெடுகக் காய்ச்சலும் வாந்திபேதியும் காத்திருந்தன. குடிநீருக்கும் ஒதுங்கும் நிழலுக்கும் அலைந்த அம்மக்களில் இறந்தோர் பலர். உடன் வந்தவர்கள் அவர்களை வழியிலே விட்டு நடந்தனர். கொழும்புத் தெருவுக்குச் செலவிட்ட கருத்தில் ஒரு சிறு பங்கையேனும் ஆங்கில அரசு இவ்வழிக்குச் செலவிட்டிருப்பின் அவ்வுயிர்களுட் பல எஞ்சியிருக்கும். கோப்பி மூட்டைகள் கொழும்பை அடைவதே அவ்வரசின் கவலையாக இருந்தது. அக்கவலையும் 1867இல் புகையிரதப் பாதை கண்டியை எட்டியதும் பெரிதும் நீங்கிற்று.

வடதெருவின் பிற்கால வரலாறும் துயரம் நிறைந்ததே. உள்நாட்டுப் போரில் அது பல்லாண்டு மூடப்பட்டுக் கிடந்தது. 2002இல் திறந்து, 2006 ஆகஸ்டில் மறுபடியும் அடைக்கப்பட்டது. படை நடத்துதற்கெனத் தெருக்களை வகுத்தவர்கள் மறைந்து நூறாண்டுக்கு மேலாகியும், இத்தெருவைத் திறப்பதும் மூடுவதும் படைகளின் கையிலேயே இருந்தன.

கடுகண்ணாவையில் டோசனுக்கு எழுப்பிய உயர்ந்த கோபுரம் இன்றும் நிற்கின்றது. வடவழியில் மாண்டவர்களின் பெயர்களோ எங்கும் பொறிக்கப்பட்டில. மலையகத் தமிழர் இலங்கைக்கு வந்து இருநூறு ஆண்டு நிறைந்ததை ஒட்டி, 2023 சூலை இறுதியில் ஒரு கூட்டத்தார் தலைமன்னாரிலிருந்து நடக்கத் தொடங்கினர். முன்னோர் நடந்த அவ்வழியே சென்று, ஆகஸ்டு 12ஆம் நாள் மாத்தளையை அடைந்தனர்.