சவர்க்காரத்திற்கு முன்: சப்ரகமுவத் தோட்டங்களில் உடற்றூய்மையும் தாவர அறிவும்

மலையகத் தமிழரின் சமூக வரலாற்றை ஆராயப் புகுவோர் கூலி, கங்காணி முறை, தொழிற்சங்கம், குடியுரிமை ஆகியவற்றை முதன்மைப்படுத்தி எழுதி வந்துள்ளனர். அது பொருத்தமானதே. ஆயினும் ஒரு மக்கட் கூட்டத்தின் வாழ்வு அன்றாடச் சிறு செயல்களிலும் பதிந்து கிடக்கின்றது. வேலை முடிந்து லயத்துக்குத் திரும்பிய தொழிலாளி தன் உடம்பை எதனாற் கழுவினாள்? இவ்வினா முதற்பார்வையில் அற்பமானதாகத் தோன்றக்கூடும். ஆனால் நிலம், நீர், நேரம், சந்தை என்னும் நான்கும் இவ்வொரு வினாவினுள் அடங்கியுள்ளன என்பதே இக்கட்டுரையில் நாம் நிறுவ முயல்வது.

கேகாலை மாவட்டத்து ருவான்வெல்லையை நாம் களமாகக் கொள்வதற்குக் காரணம் உண்டு. களனி கங்கையை ஒட்டிய இவ்வீரவலயப் பகுதி தேயிலையினும் இறப்பரால் உருவானது. 1876இல் ஹெனரத்கொடைத் தோட்டத்துக்கு வந்து சேர்ந்த இறப்பர்க் கன்றுகள், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மோட்டார் வண்டித் தொழில் பெருகியபோது சப்ரகமுவத் தாழ்குன்றுகளை மூடின. மரத்தின் உள்ளழுத்தம் மிகுந்திருக்கும் குளிர்ந்த காலையிற் பால் நன்கு வடியுமாதலால் பால்வெட்டு விடியலிலேயே தொடங்கும். அப்பால் தோலிலும் ஆடையிலும் பட்டுக் காய்ந்தால் நீரிற் கரையாது. எண்ணெய் தடவித் தேய்த்தே உரித்தெடுக்க வேண்டும். பாலை உறைய வைக்கும் அமிலமும், தகடுகளை உலர்த்தும் புகைக்கூடத்துப் புகையும் இதனோடு சேர்ந்தன. எனவே இத்தோட்டங்களில் உடம்பைக் கழுவுதல் அழகுபற்றிய செய்தியன்று. தொழிலின் தொடர்ச்சியே எனலாம்.

இம்மக்கள் வெறுங்கையோடு வந்தவரல்லர். திருச்சிராப்பள்ளி, சேலம், மதுரை, இராமநாதபுரம் முதலிய மாவட்டங்களின் வறண்ட சமவெளிகளிலிருந்து வந்த அவர்கள், உசிலை மரத்து இலையை உலர்த்தி இடித்த அரப்பு, சீயக்காய், பூந்திக்கொட்டை, பயற்றம்மா, மஞ்சள் ஆகியவற்றின் பயனை அறிந்திருந்தனர். துணிக்கு உவர்மண்ணும் சாம்பலும் பயன்பட்டன. பூந்திக்கொட்டையின் விதையை நீக்கி, தோலை இரவு முழுவதும் நீரில் ஊறவைத்துக் காலையிற் கசக்கி வடித்தால் நுரைநீர் கிடைக்கும். இதன் செயற்பாட்டை இன்றைய வேதியியல் தெளிவாக விளக்குகின்றது. இத்தாவரங்களிலுள்ள சப்போனின் என்னும் பொருளின் மூலக்கூறு ஒரு புறத்தில் எண்ணெயையும் மறுபுறத்தில் நீரையும் பற்றுவது. ஆதலால் அழுக்கேறிய எண்ணெய்ப் பிசுக்கு நீரோடு சேர்ந்து நீங்குகின்றது. பயற்றம்மா இதனின்றும் வேறுபட்டது. அதன் நுண்துகள்கள் எண்ணெயை உறிஞ்சியும் உராய்ந்துமே தூய்மை செய்கின்றன. சவர்க்காரமோ கொழுப்பும் காரமும் சேர்ந்து பிறப்பது; காரத்தன்மை மிகுந்தது. இயல்பில் மெல்லிய அமிலத்தன்மையுடைய தோலை அது உலர்த்துவதன் காரணம் இதுவே.

தமிழிலக்கியத்திலும் நீராட்டுப் பொருள்கள் பேசப்படுகின்றன. சிலப்பதிகாரத்துக் கடலாடுகாதையில், பத்து வகைத் துவரும் ஐந்து வகை விரையும் முப்பத்திரண்டு வகை ஓமாலிகையும் ஊறிய நீரால் மாதவி கூந்தலைக் கழுவுகின்றாள். பூம்புகாரின் வணிகச் செல்வம் அந்நீரிற் கலந்திருந்தது. உழைக்கும் மகளிர் எதனாற் கழுவினர் என்பதைக் காப்பியம் கூறவில்லை. ஏட்டில் இடம்பெற்ற நறுமணத்துக்கும் ஏடறியாத அரப்புக்கும் இடையிலுள்ள தொலைவு, வர்க்கத்தின் தொலைவாகும்.

வறள்நிலத்து மக்கள் ஈரவலயத்துக்குப் பெயர்ந்தபோது தாவர அறிவும் புலம்பெயர வேண்டியதாயிற்று. உசிலை வறண்ட சமவெளிக்குரிய மரம். ருவான்வெல்லையின் மழைச்சரிவுக்கு உரியதன்று. சீயக்காய் கடையில் விலைக்கு வாங்க வேண்டிய பொருளாயிற்று. ஆனால் வேலியோரச் செவ்வரத்தையின் இலையைக் கசக்கினால் வழுவழுப்பான சாறு கிடைக்கும். தமிழர் வீட்டிலும் சிங்களவர் வீட்டிலும் அது தலைமுழுக்குக்கு உதவுவது. ஈரவலயக் காடுகளில் ஏறிப்படரும் புஸ்வெல் என்னும் பெருங்கொடியும் சப்போனின் உடையது. வெனிவெல் எனச் சிங்களத்தில் வழங்கும் மரமஞ்சளின் தண்டு, பேர்பெரின் என்னும் மஞ்சட் பொருளைக் கொண்டது. சிங்கள மருத்துவத்தில் புண்ணுக்கும் காய்ச்சலுக்கும் உரியது. பூந்திக்கொட்டையைத் தமிழர் ஒரு பெயராலும் சிங்களவர் பெனெல என மற்றொரு பெயராலும் அறிவர். பெயர் இரண்டாயினும் நுரை ஒன்றே. கிராமமும் தோட்டமும் அடுத்தடுத்துக் கிடக்கும் கேகாலை மாவட்டத்தில், இனவாதம் வரைந்த எல்லைக்கோட்டை இத்தகைய அறிவு பொருட்படுத்துவதில்லை.

எனினும் காட்டிற் பொறுக்கும் பொருள் இலவசமானது என எண்ணுதல் தவறு. 1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிகள் அத்துமீறல் சட்டமும் 1897ஆம் ஆண்டின் தரிசு நிலச் சட்டமும், உரிமைச் சான்று காட்டவியலாத காட்டையும் சேனை நிலத்தையும் அரசுடைமையாக்க வழிகோலின. சிங்கள விவசாயி பொதுக்காட்டை இழந்தான். தமிழ்த் தொழிலாளியோ தொடக்கத்திலிருந்தே பிறர் நிலத்தில் நின்றாள். லயத்து வாசலில் ஒரு மரத்தை நடுவதற்கும் அவளுக்கு உரிமை இருக்கவில்லை. பறித்தல், உலர்த்துதல், இடித்தல், ஊறவைத்தல் யாவும் பெண்ணின் தலையிலேயே விழுந்தன. பீலிக்கரையில் நீருக்குக் காத்திருந்த நேரமும் அவளுடையதே. கூலிக்கணக்கில் ஏறாத இவ்வுழைப்பை வரலாற்றாசிரியரும் கணக்கிற் கொள்ளவில்லை.

ஆட்சியாளர் தொழிலாளியின் உடம்பை நோய்காவியாகவே நோக்கினர். மண்டப முகாமில் தடுத்து வைத்துத் தொற்று நீக்கிய பின்னரே அவர்களைக் கப்பலேற்றினர். 1916இல் றொக்பெல்லர் நிறுவனத்தின் துணையோடு கொக்கிப்புழு ஒழிப்பு இயக்கம் தோட்டங்களில் தொடங்கியது. அதனால் விளைந்த நன்மையை நாம் மறுக்கவில்லை. ஆனால் மலசலகூடமும் குழாய்நீரும் இல்லாத இடத்து அசுத்தத்தைத் தொழிலாளியின் பழக்கமாகக் காட்டுதல் காரணத்தையும் விளைவையும் மாற்றி வைப்பதாகும். 1934–35ஆம் ஆண்டுகளின் மலேரியாப் பெருந்தொற்று கேகாலை மாவட்டத்தைக் கடுமையாகத் தாக்கியபோது, நோயின் வேர் வறுமையில் உள்ளதென இடதுசாரிகள் எடுத்துரைத்தனர். அவர்களுள் ஒருவரான என். எம். பெரேரா 1936இல் ருவான்வெல்லைத் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குத் தெரிவானமை இங்கு நினைவுகூரத்தக்கது.

சவர்க்காரத்தின் வருகையும் காலனித்துவப் பொருளாதாரத்தின் ஒரு பகுதியே. இலங்கைத் தேங்காயெண்ணெய் கடல்கடந்து சென்று, கைத்தொழில் நாடுகளின் ஆலைகளில் சவர்க்காரத்துக்கு மூலப்பொருளாயிற்று. உறையிட்ட கட்டியாகச் சவர்க்காரம் இங்கு விலைக்கு வந்தது. 1938இல் லீவர் நிறுவனம் இலங்கையிலேயே உற்பத்தியை ஏற்படுத்திய பின்னர் அதன் பரவல் விரைந்தது. இதனைப் பண்பாட்டு வீழ்ச்சி எனப் புலம்புதல் ஆய்வுநெறியன்று. இடிக்கவும் ஊறவைக்கவும் வேண்டாத ஒரு கட்டி, விடியற்காலையிலேயே வேலைக்கிறங்கும் பெண்ணுக்கு நேரத்தை மீட்டுக் கொடுத்தது. கிருமித் தொற்றையும் குறைத்தது.

பழமையைப் பொற்காலமாக்குதலும் ஏற்புடையதன்று. பூந்திக்கொட்டை நீர் கண்ணிற் பட்டால் எரிக்கும். நீர்நிலையிற் கலந்தால் மீனைக் கொல்லும். எலுமிச்சைச் சாறு பட்ட தோல் வெயிலிற் கருகிக் கொப்புளிக்கலாம். ஊறவைத்த தாவரநீர் ஓரிரு நாளிற் கெட்டுவிடும். ஆகையால் அவ்வப்போது புதிதாகவே செய்தல் வேண்டும். மெதுவாக வளரும் மரமஞ்சட் கொடியை அடியோடு வெட்டினால் அக்கொடி மட்டுமன்றி அதன் இனமும் அருகும். தாவரம் என்பதனாலேயே தீங்கற்றது என்னும் முடிவு, விளம்பரத்தின் முடிவேயன்றி அறிவியலின் முடிவன்று.

இன்று இப்பொருள்களே அழகிய புட்டிகளில் அடைபட்டு, இயற்கை என்னும் முத்திரையுடன் நகரத்துக் கடைகளில் விற்பனையாகின்றன. லயத்துப் பெண் இல்லாமையினாற் கைக்கொண்டதை நகரத்தார் வசதியினால் விலைக்கு வாங்குகின்றனர். மறுபுறம், 2022ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடியில் சவர்க்காரத்தின் விலையேற்றம் வறிய குடும்பங்களை வருத்தியது. அத்தகைய வேளையில் வாசலில் ஒரு செவ்வரத்தையும், பின்புறத்தில் ஒரு எலுமிச்சையும் ஓரளவு துணையாகக்கூடும். ஆனால் அவற்றை நடுவதற்கு நிலம் வேண்டும். கழுவுவதற்கு நீர் வேண்டும். அரைப்பதற்கு ஓய்வு வேண்டும்.

ஆகவே முதியோரிடம் எஞ்சியுள்ள இவ்வறிவைத் தமிழ், சிங்களப் பெயர்களோடும் செய்முறையோடும் தொகுத்தல் பல்கலைக்கழகத் தமிழ்ச் சங்கங்களின் கடமையாகும். அத்தொகுப்பு அருங்காட்சியகப் பொருளாக முடிந்துவிடலாகாது. ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாக ஒரு மண்ணின் தாவரங்களை இலை இலையாக அறிந்து வைத்துள்ள மக்கள், அம்மண்ணில் ஒரு துண்டுக்கேனும் உரிமையாளராக வேண்டுமென்ற நியாயத்திற்கு அது சான்றாதல் வேண்டும்.