பட்டா இல்லாதவரை யார் எண்ணுவது?

தோழர்களே, சாலைக்கு நிலம் எடுத்தால் யாருக்கு நட்டஈடு? 1894ஆம் ஆண்டுச் சட்டம் நிலத்தில் உரிமையுள்ளவரை மட்டுமே விசாரித்தது. அந்த நிலத்தில் கூலிக்கு உழைத்த சேரிக்காரரை அது காணவில்லை.

2013ஆம் ஆண்டுச் சட்டம்தான் மூன்றாண்டுகள் அந்த நிலத்தை நம்பிப் பிழைத்த கூலிகளையும் 'பாதிக்கப்பட்ட குடும்பம்' என்றது. அவர்களைக் கணக்கெடுக்கச் சமூகத் தாக்க ஆய்வையும் வைத்தது.

அடுத்த ஆண்டே தமிழக அரசு 105ஏ பிரிவைச் சேர்த்து, மூன்று மாநிலச் சட்டங்களுக்கு விலக்கு கொடுத்தது. ஒன்று நெடுஞ்சாலைச் சட்டம். இன்னொன்று, ஆதிதிராவிடர் நலனுக்கு நிலமெடுக்கும் 1978ஆம் ஆண்டுச் சட்டம்! 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் அவை செல்லாதவை என்றது. அரசு அவற்றுக்கு மறுபடி உயிர் கொடுத்தது; 2021இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது.

ஆய்வு போனால் கூலிக்காரர் கணக்கிலேயே வரமாட்டார். 'நிலத்தை எடுக்காதே' என்பதோடு, 'எங்களையும் எண்ணு' என்பதும் நம் முழக்கமாகட்டும்.