யோபு நூலில் முறையீடும் விசுவாசமும்

குற்றம் புரியாதவன் ஏன் துன்பத்துக்கு ஆளாகிறான் என்னும் வினா யோபு நூலில்தான் முதன்முதலாக எழுந்தது என்று சொல்வதற்கில்லை. மார்தூக் தெய்வத்தின் சினத்தால் பதவியும் உடல்நலமும் உற்றாரும் இழந்து, பின்னர் அத்தெய்வத்தாலேயே மீட்கப்பட்ட ஒரு பிரபுவின் துதிப்பாட்டும், துயருற்றவன் ஒருவனும் அவன் நண்பனும் பத்திக்கு 11 வரியாக 27 பத்திகளில் மாறி மாறித் தர்க்கிக்கும் செய்யுள் ஒன்றும் பாபிலோனியரின் களிமண் பலகைகளில் கிடைத்திருக்கின்றன. எபிரெய வேதாகமத்தின் ஞான நூல்களுள் வைத்து எண்ணப்படும் யோபு நூல் இவற்றோடு உறவுடையதாயினும், அதில் துன்புற்றவன் கடவுளையே நேர்நின்று வழக்குக்கு அழைக்கிறான். கடவுளும் வந்து பேசுகிறார். பேசி முடித்தபின், தம் பொருட்டு வாதாடிய பக்திமான்களைக் கடிந்து, தம்மோடு வாதாடியவனே தம்மைக் குறித்துச் சரிவரப் பேசினான் என்று தீர்ப்பும் அளிக்கிறார்.

இந்தத் தீர்ப்பை மனத்தில் இருத்திக்கொண்டு நூலை முதலிலிருந்து வாசிப்போர்க்கு, பிரசங்க பீடங்களிலும் ஞாயிறு பாடசாலைகளிலும் வழிவழியாகப் போற்றப்பட்டுவரும் பொறுமையின் சிகரமாகிய யோபு என்னும் சித்திரம் எவ்வளவு குறுகியது என்பது புலனாகும். புதிய ஏற்பாட்டின் யாக்கோபு நிருபம் அவனுடைய பொறுமையை எடுத்துக்காட்டியது மெய்யே. ஆயினும் 42 அதிகாரங்கள் கொண்ட நூலில் அந்தச் சித்திரத்துக்கு இடந்தருபவை முதல் இரண்டு அதிகாரங்களே. மூன்றாம் அதிகாரத்தில் தன் பிறந்த நாளைச் சபிக்கத் தொடங்கும் யோபு, அதன்பின் ஏறத்தாழ முப்பது அதிகாரங்கள் அளவும் கசந்தும் கொதித்தும் வழக்காடியும் பேசுகிறான். இப்பெரும்பகுதியை மனித பலவீனம் என்று ஒதுக்கிவிட்டு, முன்னுரையையும் முடிவுரையையும் மட்டும் ஒட்டவைத்து விசுவாசத்தின் பாடமாகப் போதிப்பது, நூலுக்கும் துன்புறுவோர்க்கும் ஒருங்கே இழைக்கும் அநீதியாகும். யோபின் விசுவாசத்தை அவன் முறையீட்டிலேயே தேடவேண்டும் என்பது இக்கட்டுரையின் துணிபு.

ஊத்ஸ் தேசத்தானாகிய யோபுக்கு 7000 ஆடுகளும் 3000 ஒட்டகங்களும் 500 ஏர்மாடுகளும் 500 கழுதைகளும் இருந்தன. ஒரே நாளில் சபேயரும் கல்தேயரும் கொள்ளையிட, வானத்து நெருப்பு மந்தையை எரிக்க, பாலைவனத்துப் பெருங்காற்று மூத்த மகனுடைய வீட்டை இடித்துத்தள்ள, விருந்துண்டுகொண்டிருந்த 7 புதல்வரும் 3 புதல்வியரும் மாண்டனர். காரணம் வாசகனுக்குத் தெரியும்: பயன் கருதாமலா யோபு கடவுளுக்கு அஞ்சுகிறான் என்று பரலோக சபையில் குற்றஞ்சாட்டுவோன் எழுப்பிய ஐயமே அது. காரணமின்றியே இவனை அழிக்கத் தாம் ஏவப்பட்டதாகக் கடவுளே இரண்டாம் அதிகாரத்தில் ஒப்புக்கொள்கிறார் என்பதையும் மறத்தலாகாது. யோபுக்கோ இந்தச் சபை நிகழ்ச்சி கடைசிவரை அறிவிக்கப்படவே இல்லை. அவன் நம்பிக்கை எதன்மீது நின்றதாயினும், கிடைத்த விளக்கத்தின்மீது நின்றதன்று.

முன்னுரையில் யோபு உரைக்கும் இரு பக்தி மொழிகளும், கொடுத்தவரே எடுத்தார் என்பதும், நன்மையை ஏற்றவர் தீமையையும் ஏற்கவேண்டாமோ என்பதும், கடவுளைப் படர்க்கையில் வைத்துச் சொல்லப்பட்டவை. பிறந்த நாளைச் சபிக்கும் மூன்றாம் அதிகாரமும் அவரை விளித்துப் பேசுவதன்று. யோபு முதன்முதலாகக் கடவுளை நோக்கி, நீர் என்று முன்னிலையில் வாய் திறப்பது ஏழாம் அதிகாரத்திலேதான். அங்கே அவன் துதியும் செய்யவில்லை, பணிந்து கேட்கவும் இல்லை. என்னைக் காவல்வைத்து அடக்குவதற்கு நான் கடலா, கடலின் பெரும் பூதமா என்று கேட்கிறான். எட்டாம் சங்கீதம் மனிதனைக் கடவுள் நினைந்தருளுவதைக் கண்டு வியக்கின்றதென்றால், யோபு அதே வினாவைத் தலைகீழாக்கி, விடியற்காலந்தோறும் வந்து விசாரித்து, எச்சில் விழுங்கும் நேரமும் விடாமல் உற்றுநோக்குவதற்கு மனிதன் எம்மாத்திரம் என்று முறையிடுகிறான். படுக்கை தன் துயரை ஆற்றும் என்று எண்ணினால் அங்கும் சொப்பனங்களால் கலங்கடிக்கிறீர் என்கிறான். கடவுள் இல்லை என்றோ, கேளாச் செவியர் என்றோ எண்ணியவன் பேசும் பேச்சன்று இது. தன்னை வருத்துபவர் எவர் என்று அவன் கருதுகிறானோ, அவரிடமே நேராகச் சென்று நிற்கும் துணிவு இதிலே இருக்கிறது.

நண்பர்களின் நிலையை இதனோடு ஒப்பிட்டு நோக்குவோம். தேமானியனாகிய எலிப்பாசும் சூகியனாகிய பில்தாத்தும் நாகமாத்தியனாகிய சோப்பாரும் தொலைவிலிருந்து வந்தவர்கள். சாம்பலில் அமர்ந்து ஓட்டினால் உடலைச் சுரண்டிக்கொண்டிருந்தவனைக் கண்டு, ஆடைகளைக் கிழித்து, ஏழு பகலும் ஏழு இரவும் அவனோடு தரையிலே வாய் பேசாமல் அமர்ந்திருந்தார்கள். ஆறுதல் கூற வந்தோரின் கடமையை இதைவிட மேன்மையாகச் செய்தவர்களை நான் எந்த நூலிலும் கண்டதில்லை. வாய் திறந்தபின்னரே அவர்கள் கெட்டார்கள். இவர்களுள் ஒருவன்கூட, நூல் நெடுகிலும் ஒருமுறையேனும், கடவுளை நோக்கிப் பேசுவதில்லை. தானாயிருந்தால் கடவுளை நாடித் தன் நியாயத்தை அவரிடம் ஒப்புவிப்பதாக எலிப்பாஸ் ஐந்தாம் அதிகாரத்தில் அறிவுரை சொல்கிறான்; ஆனால் நண்பனுக்காக ஒரு விண்ணப்பத்தையும் அவன் செய்தானில்லை. வசந்தகாலத்தில் பனியுருகிப் பெருகி, வெயில் வந்ததும் வற்றிப்போகும் காட்டாற்றை நம்பிவந்து, மணலைக் கண்டு வெட்கிப்போகும் தேமா, சேபா நாட்டு வணிகக் கூட்டத்தாரை யோபு இவ்விடத்திலே நினைவுகூருகிறான். வேண்டிய நேரத்தில் நண்பர்கள் அவனுக்கு அந்த ஆறாகிவிட்டார்கள்.

நண்பர்களின் சித்தாந்தம் எளிது: நீதிமான் தழைப்பான், துன்மார்க்கன் அழிவான், ஆகையால் அழிவுற்றவன் துன்மார்க்கனே. இதன் முற்பகுதி நீதிமொழிகளிலும் உபாகமத்திலும் வேரூன்றியது. அதனை வெறும் மூடநம்பிக்கை என்று தள்ளிவிட இயலாது. பிற்பகுதியோ பொய்யைப் பிறப்பிக்கிறது. 22ஆம் அதிகாரத்தில் எலிப்பாஸ், யோபு ஏழைகளின் ஆடைகளை அடகு கொண்டான் என்றும், விடாய்த்தவனுக்குத் தண்ணீர் மறுத்தான் என்றும், விதவைகளை வெறுங்கையராய் அனுப்பினான் என்றும் குற்றங்களை அடுக்குகிறான். அவன் எதையும் கண்டவனல்லன். சித்தாந்தம் சரியாயிருக்கவேண்டுமானால் இவையெல்லாம் நடந்திருந்தாகவேண்டும், அவ்வளவே. யோபு உத்தமன் என்று கடவுளே சான்று பகர்ந்ததைக் கேட்டிருக்கும் வாசகனுக்கு, கடவுளின் நீதியைக் காப்பதற்காகவே ஒரு மூப்பன் நண்பன்மேல் பழி புனைவது நடுக்கத்தைத் தரும் காட்சியாகும். கடவுளுக்காகவா பொய் பேசுகிறீர்கள் என்று 13ஆம் அதிகாரத்திலேயே யோபு அவர்களைக் கேட்டுவிட்டான்.

மேலும், முறையீடு யோபின் கண்ணைத் தன் புண்ணிலேயே நிலைநிறுத்தி வைக்கவில்லை. 24ஆம் அதிகாரத்தில் அவன் பேச்சு, ஆடையின்றிக் குளிரில் ஒடுங்குவோரையும், பசியோடு பிறர் கதிர்க்கட்டுகளைச் சுமப்போரையும், தாகத்தோடு பிறருடைய திராட்சை ஆலைகளை மிதிப்போரையும் நோக்கித் திரும்புகிறது. தனக்கு நேர்ந்த அநீதியைக் கேட்கத் தொடங்கியவன் உலகத்து அநீதி அனைத்தையும் கேட்கும் நிலையை எய்துகிறான். பொறுமை என்னும் பெயரால் அவன் வாயை அடைத்திருந்தால் இந்த ஏழைகளின் குரலும் அதனோடு அடைபட்டுப்போயிருக்கும்.

யோபின் பேச்சில் நீதிமன்றத்தின் மொழி நிறைந்திருப்பதை ஆராய்ச்சியாளர் பலரும் எடுத்துக்காட்டியுள்ளனர். இருவர்மேலும் கை வைக்கத்தக்க மத்தியஸ்தன் இல்லையே என்று ஒன்பதாம் அதிகாரத்தில் ஏங்குகிறான். 16ஆம் அதிகாரத்தில் தன் சாட்சி வானத்தில் இருப்பதாகத் துணிகிறான். 19ஆம் அதிகாரத்தில் தன்னை மீட்பவர் உயிரோடிருக்கிறார் என்கிறான். 31ஆம் அதிகாரத்தில் வரிசையாக ஆணையிட்டுத் தன் குற்றமின்மையை நிறுவி, எதிர்வழக்காடி குற்றப்பத்திரிகை எழுதித் தந்தால் அதைத் தோளில் சுமந்து கிரீடமாக அணிந்துகொள்வதாகச் சவால் விடுகிறான். வழக்குத் தொடுப்பவன், நீதிபதியிடம் நீதி உண்டு என்னும் நம்பிக்கையை முழுதும் இழந்தவனாயிருக்க முடியாது. அதை இழந்தவன் மன்றத்தின் வாசலை மிதியான். யோபின் வழக்கிலோ எதிரியும் நீதிபதியும் ஒருவரே. கடவுளுக்கு எதிராகக் கடவுளிடமே மேல்முறையீடு செய்யும் இந்த நிலை தர்க்கத்துக்கு முரணாகத் தோன்றினும், நூலின் உயிர்நாடி இதுவே என்பது என் அபிப்பிராயம்.

எலிகூ என்னும் இளைஞனின் ஆறு அதிகாரப் பேச்சு நண்பர்களின் வாதத்தைச் சிறிது செப்பஞ்செய்வதேயாதலின் அதை இங்கு விரிக்கவேண்டுவதில்லை. பெருங்காற்றிலிருந்து கடவுள் பேசும் 38 முதல் 41 வரையுள்ள அதிகாரங்களே நம் துணிபைப் பரீட்சிக்கும் இடம். யோபு கேட்டது ஒன்று, கடவுள் சொல்வது வேறொன்று, வெறும் வல்லமையைக் காட்டி வாயடைப்பதே அப்பேச்சின் நோக்கம் என்று குறைகூறுவோர் உளர். சற்று அணுகிப் பார்ப்போமாயின், கடவுள் யோபின் சொற்களையே எடுத்துப் பேசுவது தெரியவரும். தன்னைக் கடலென்று எண்ணிக் காவல்வைத்தீரோ என்று யோபு கேட்டானன்றோ? கடல் கருவறையிலிருந்து புறப்பட்டபோது மேகத்தை அதற்கு ஆடையாகவும் காரிருளை அரைக்கச்சாகவும் சுற்றிய கதையைக் கடவுள் சொல்கிறார். காவல் அங்கே தாலாட்டாகிவிடுகிறது. விடியற்கால நட்சத்திரங்கள் இருண்டுபோகட்டும் என்று மூன்றாம் அதிகாரத்தில் சபித்தவனுக்கு, உலகம் அஸ்திவாரமிடப்பட்ட நாளில் அவை கூடிப் பாடியதை அறிவிக்கிறார். அதே சாபத்தில் அவன் பெயர் சொல்லி அழைத்த லிவியாதானைக் குறித்து ஓர் அதிகாரம் முழுதும் பேசுகிறார். ஆகவே முறையீடு ஒரு சொல்லும் வீணாகாமல் கேட்கப்பட்டிருக்கிறது.

அப்பேச்சில் வரும் உயிர்களைப் பாருங்கள்: சிங்கம், காக்கைக் குஞ்சுகள், வரையாடு, காட்டுக்கழுதை, முட்டையை மண்ணில் விட்டுவிட்டு ஓடும் தீக்கோழி. இவற்றுள் போர்க்குதிரை ஒன்று நீங்கலாக மனிதனுக்குப் பணி செய்வது எதுவுமில்லை. மனிதர் குடியில்லாத பாலைநிலத்திலும் மழை பெய்கிறது. மழை நல்லோர்க்குக் கூலியாகவும் வறட்சி தீயோர்க்குத் தண்டனையாகவும் அளந்து விடப்படுவன என்னும் நண்பர்களின் கணக்கு இந்த ஆளற்ற மழையிலே கரைந்துபோகிறது. யோபின் துன்பத்துக்குக் காரணம் சொல்லப்படவில்லை; ஆனால் அது தண்டனை என்னும் குற்றச்சாட்டையும் கடவுள் ஓரிடத்திலும் எழுப்பவில்லை.

யோபு இறுதியில் தன் பேச்சைத் திரும்பப்பெற்றுத் தூளிலும் சாம்பலிலும் தணிந்து நிற்கவில்லையா என்று கேட்கலாம். கேட்கவேண்டிய கேள்வியே அது. அறியாமல் ஆலோசனையை இருளாக்கினான் என்றும், தன்னை நீதிமானாக்கக் கடவுளைக் குற்றப்படுத்தினான் என்றும் கடவுள் அவனைக் கடிந்ததும் மெய்யே. ஆயினும் அவன் விட்டுக்கொடுப்பது, தனக்கெட்டாதவற்றை எட்டியதாகப் பேசியதை மட்டுமே. நண்பர்கள் சுமத்திய பாவங்களுள் ஒன்றையேனும் அவன் ஒப்புக்கொள்ளவில்லை. 31ஆம் அதிகாரத்து ஆணைகளுள் ஒன்றையும் அழிக்கவில்லை. அவன் தணிந்து பேசிய வசனத்துக்கு அடுத்த வசனத்திலேயே எலிப்பாசுக்கு எதிரான தீர்ப்பு வருகிறது. உரைநடைக் கதை பழமையானது, செய்யுட் பகுதி பின்னர் இடையிற் செருகப்பட்டது, ஆகவே அத்தீர்ப்பு பழங்கதையின் பொறுமையுள்ள யோபையே குறித்திருக்கும் என்று வாதிப்போரும் உளர். நோவாவோடும் தானியேலோடும் யோபை நீதிமானாக எசேக்கியேல் குறிப்பிடுவதால் பழங்கதை ஒன்று வழங்கியிருத்தல் கூடும். எனினும் இரண்டையும் இணைத்தவர் இத்தனை அதிகாரங்களையும் மறந்துவிட்டு அத்தீர்ப்பை அவ்விடத்தில் வைத்தார் என்று கொள்வது அவருடைய அறிவைப் பழிப்பதாகும்.

1791ஆம் ஆண்டில், கடவுளின் நீதியைத் தத்துவத்தால் நிறுவமுயன்ற முயற்சிகள் யாவும் தோல்வியுற்றன என்று கட்டுரை வரைந்த தத்துவஞானி கான்ட், யோபின் சிறப்பை அவன் உள்ளத்து நேர்மையிலே கண்டார். அது உயர்ந்த நோக்கு. ஆனால் நேர்மை மட்டுமே காரணமென்றால் ஊர்ச்சந்தியில் நின்று புலம்பியிருந்தாலும் போதும். யோபு அந்த நேர்மையைக் கடவுளின் முகத்துக்கு நேரே கொண்டுசென்றான். சங்கீதப் புத்தகத்தில் புலம்பற் பாடல்கள் மிகுந்திருப்பதும், 88ஆம் சங்கீதம் ஆறுதலின் சாயல் ஏதுமின்றி இருளிலேயே முடிவதும், அப்பாடல்கள் வழிபாட்டிலிருந்து நீக்கப்படாமல் ஜெபமாகவே காக்கப்பட்டதும், இந்த மரபு யோபு ஒருவனுக்கே உரியதன்று என்பதைக் காட்டும். சிலுவையில் இயேசு 22ஆம் சங்கீதத்தின் முதலடியைத் தம் குரலாக்கிக்கொண்டதை மாற்குவும் மத்தேயுவும் மறைக்காமல் எழுதிவைத்தார்கள்.

முடிவுரையில் யோபின் வாழ்வு திரும்புவது தன் நண்பர்களுக்காக அவன் வேண்டுதல் செய்த வேளையில் என்று நூல் வரையறுத்துக் கூறுகிறது. மத்தியஸ்தன் இல்லையே என்று ஏங்கியவனே, தன்மேல் பழி புனைந்தவர்களுக்கு மத்தியஸ்தனாகிறான். மந்தைகள் இரட்டிக்கின்றன. யாத்திராகமத்தின் சட்டப்படி திருடியவன் இரட்டிப்பாகத் திருப்பித்தரவேண்டும் என்பதை நினைவிற்கொண்டு, கடவுள் இங்கே தம்மை அந்த நிலையில் வைத்துக்கொள்கிறாரோ என்று ஐயுறும் உரைகாரரும் உண்டு. பிள்ளைகள் மட்டும் இரட்டிக்கவில்லை. முன்போல 7 புதல்வரும் 3 புதல்வியருமே பிறக்கின்றனர். மாண்டவர்கள் மறுவுலகில் இருப்பதால் அவர்களையும் சேர்த்தால் இரட்டிப்பாகும் என்று சமாதானம் சொல்வோருண்டு. வெட்டுண்ட மரம் தழைக்கும், மாண்ட மனிதன் எழான் என்று 14ஆம் அதிகாரத்தில் பேசியவனின் நூலுக்கு அந்தச் சமாதானம் பொருந்துவதாக எனக்குத் தோன்றவில்லை. கடவுள் பேசியபின்னும், தீர்ப்பு வந்தபின்னும், சகோதர சகோதரிகளும் பழகியவர்களும் யோபின் வீட்டுக்கு வந்து, அவனோடு உண்டு, அவனுக்காகத் துக்கித்து, ஆளுக்கொரு காசும் பொன்வளையமும் கொடுத்து ஆறுதல் சொல்கிறார்கள். அப்போதும் அவனுக்கு ஆறுதல் வேண்டியிருந்தது. அவர்கள் எதற்காக ஆறுதல் சொன்னார்கள் என்று குறிக்குமிடத்தில், கர்த்தர் அவன்மேல் வரச்செய்த தீங்கு என்றே நூலாசிரியர் எழுதுகிறார். நண்பர்களைப்போல் அதற்கு ஒரு காரணம் கற்பிக்க அவர் முற்படவில்லை.