சங்கு (கடல் நத்தை)

சங்கு என்பது இந்தியப் பெருங்கடலில், குறிப்பாக இந்தியா, இலங்கைக் கரையோரங்களில் வாழும் ஒரு பெரிய கடல் நத்தை இனமும் அதன் ஓடும் ஆகும். இது மெல்லுடலிகள் தொகுதியில் வயிற்றுக்காலிகள் வகுப்பைச் சேர்ந்தது. இதன் அறிவியல் பெயர் டர்பினெல்லா பைரம். 1767 ஆம் ஆண்டு லின்னேயசு இவ்வினத்தை விவரித்தார். மன்னார் வளைகுடா, பாக்கு நீரிணை, குசராத்துக் கரையோரம் ஆகியவை இது கிடைக்கும் முதன்மையான இடங்களாகும்.

உடலமைப்பு

ஓடு தடித்தும் கனமாகவும் இருக்கும். உயிருள்ள சங்கின் மேல் பழுப்பு நிறத் தோல் போன்ற உறை ஒன்று காணப்படும். அதை நீக்கிய பின்னரே பீங்கான் போன்ற வெண்மை வெளிப்படும். ஓட்டின் நடுத்தண்டில் மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட மடிப்புகள் உண்டு.

வாழ்க்கை முறை

சங்கு மணற்பாங்கான கடலடியில் வாழ்ந்து, மணலில் உள்ள புழுக்களை உண்கிறது. பெண் சங்கு இடும் முட்டைக்கூடு, முறுக்கிய ஆட்டுக்கொம்பு போன்ற வடிவில் பல அறைகளைக் கொண்டது. குஞ்சுகள் நீரில் மிதந்து திரியும் இளம்பருவம் இன்றி, சிறு நத்தைகளாகவே கூட்டிலிருந்து ஊர்ந்து வெளிவருகின்றன. இதனால் அவை தொலைவான இடங்களுக்குப் பரவுவதில்லை. ஓரிடத்துச் சங்குகளை முற்றிலும் எடுத்துவிட்டால், அவ்விடத்தில் அவை மீண்டும் பெருக நெடுங்காலம் ஆகும்.

வலம்புரியும் இடம்புரியும்

கூர்நுனி மேலாகவும் வாய் நம்மை நோக்கியும் இருக்குமாறு பிடித்தால், பெரும்பாலான சங்குகளின் வாய் வலப்புறம் அமையும். உயிரியலில் இவை வலச்சுருள் எனப்படுகின்றன. மரபு வழக்கில் சங்கைக் கூர்நுனி கீழாகப் பிடிப்பதால், அதே வாய் இடப்புறம் தெரியும். எனவே இவை இடம்புரிச் சங்குகள் எனப்பட்டன. மிக அரிதாகக் கிடைக்கும் வலம்புரிச் சங்கு, உயிரியலாளர் வழக்கில் இடச்சுருள் ஆகும். நத்தைகளில் சுருளும் திசை, கருவின் தொடக்க உயிரணுப் பிரிவுகளிலேயே முடிவாகிவிடுகிறது.

வலம்புரிக்கு உள்ள பெருமதிப்பால் போலிகளும் விற்கப்படுகின்றன. மெக்சிகோ வளைகுடாவிலும் அமெரிக்காவின் அத்திலாந்திக்குக் கரையோரத்திலும் வாழும் வேறொரு கடல் நத்தையின் ஓடு இயல்பாகவே இடச்சுருளாக அமைவது. எனவே அது அரிதன்று. அதன் நடுத்தண்டில் மடிப்புகள் இல்லாமையைக் கொண்டு வேறுபாட்டை அறியலாம்.

பயன்பாடுகள்

சிந்துவெளி நாகரிகத்தில் சங்கை அறுத்து வளையல் செய்தனர். நாகேசுவர், பாலகோட் ஆகிய இடங்களில் இத்தொழில் நடந்ததற்கான சான்றுகள் கிடைத்துள்ளன. வங்காளத்தில் மணமான இந்துப் பெண்கள் சங்கு வளையல் அணிவது இன்றும் வழக்கில் உள்ளது. இதற்கான சங்குகள் நெடுங்காலமாகத் தமிழகக் கடற்கரையிலிருந்து அங்கு சென்றன. தமிழர் வாழ்வில் கோயில் வழிபாட்டிலும் இறப்புச் சடங்கிலும் சங்கு ஊதப்படுகிறது. சித்த மருத்துவத்தில் சங்கு பற்பம் பயன்படுகிறது.

சங்கு குளித்தல்

கடலில் மூழ்கிச் சங்கெடுக்கும் தொழில் சங்கு குளித்தல் எனப்படும். தூத்துக்குடி, இராமநாதபுரம் மாவட்டங்களிலும் யாழ்ப்பாணத்திலும் இது பழமையான தொழிலாகும். சென்னை மாகாண மீன்வளத் துறையில் பணியாற்றிய சேம்சு ஆர்னெல் 1914 இல் இத்தொழில் குறித்து விரிவான நூலொன்றை வெளியிட்டார். முன்னர் மூச்சை அடக்கி மூழ்கினர். பிற்காலத்தில் படகிலுள்ள காற்றழுத்தி மூலம் குழாய்வழி காற்றைப் பெற்று மூழ்கும் முறையும் பரவியது. இம்முறையில் நெடுநேரம் ஆழத்தில் தங்கி விரைவாக மேலெழுந்தால், குருதியில் கரைந்த நைதரசன் குமிழிகளாகி வாதமோ இறப்போ நேரலாம்.

பாதுகாப்பு

மிகையாகச் சங்கெடுப்பதும், கடலடியை வாரிச் செல்லும் இழுவை வலைகளும் சங்குப் படுகைகளைப் பாதிக்கின்றன. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளை உள்ளடக்கிய கடல்சார் தேசியப் பூங்கா 1986 இல் அறிவிக்கப்பட்டது. சிறிய சங்குகளைப் பிடிக்காமல் விடுவதே இவ்வினம் நிலைப்பதற்கு எளிய வழியாகும். இனப்பெருக்கம் செய்யும் முன்பே எடுக்கப்படும் சங்கு, அப்படுகைக்கு அடுத்த தலைமுறையைத் தருவதில்லை.

இவற்றையும் பார்க்க

சோழி
முத்துக் குளித்தல்
மன்னார் வளைகுடா